சைக்கிளோட்டம் நடத்தும் கழகங்களுக்கும் அதற்குக் காசு அனுப்பும் ஊர்ச் சங்கங்களுக்கும் ஒரு திறந்த மடல்

யாழ்ப்பாணத்து விளையாட்டுக் கழகங்களின் தலைவர், செயலாளர், பொருளாளர் அவர்களுக்கும், பாரிஸ், லண்டன், சூரிச், ரொறன்ரோ நகரங்களில் இருந்து ஊர்ப் போட்டிகளுக்குப் பணம் அனுப்பும் சங்கங்களின் நிர்வாகத்தினருக்கும்,

வணக்கம்.

நான் சைக்கிள் கடை வைத்திருப்பவன். சித்திரைப் புத்தாண்டுக்கும் கோயில் திருவிழாவுக்கும் கழகத்தின் ஆண்டு விழாவுக்கும் நீங்கள் சைக்கிளோட்டம் அறிவித்தால், முதல் நாள் மாலை பையன்கள் வண்டியைக் கொண்டுவந்து நிறுத்துவது என் கடை வாசலில்தான். மட்காட்டைக் கழற்றுங்கள், கரியரைக் கழற்றுங்கள், ஸ்டாண்டைக் கழற்றுங்கள், செயினுக்கு எண்ணெய் விடுங்கள் என்று நச்சரிப்பார்கள். போட்டிக்கு மறுநாள் அதே வண்டிகள் வளைந்த றிம்மோடும் அறுந்த கம்பிகளோடும் திரும்பி வரும். சில வேளை வண்டியை அப்பாதான் உருட்டிக்கொண்டு வருவார். பையன் கையில் கட்டுப் போட்டு வீட்டில் இருப்பான். ஆகவே இந்த ஓட்டங்களைப் பற்றிப் பேச எனக்கும் கொஞ்சம் உரிமை உண்டு.

உங்கள் பணம் ஓட்டத்தின் கடைசி ஐந்து நிமிடத்துக்குச் செலவாகிறது. கிண்ணம், மேடை, பந்தல், ஒலிபெருக்கி, மாலை, பொன்னாடை, விருந்தினருக்குச் சாப்பாடு, முதலாம் இடத்துக்குப் புதுச் சைக்கிள் அல்லது காசு. ஒரு பையன் ஓட்ட வீரனாக உருவாவதற்கு வேண்டிய ஐந்தாறு வருடத்துக்கு அதில் ஒரு சதமும் போவதில்லை. இதை மாற்றுங்கள் என்று கேட்கத்தான் எழுதுகிறேன். வெறும் வாயால் கேட்டால் கேட்கமாட்டீர்கள் என்று தெரியும். அதனால் ஒரு மனிதரின் கதையைச் சொல்கிறேன்.

டானியல் தெக்லெஹைமனோத். எரித்திரியா நாட்டவர். தலைநகர் அஸ்மாராவுக்குத் தெற்கே டெபர்வா என்ற சிற்றூரில் 1988இல் பிறந்தவர். ஐரோப்பாவின் பெரிய அணிகளில் ஓடி இப்போது ஓய்வு பெற்றுவிட்டார். பிரான்சில் மூன்று வாரம், நாளுக்கு ஒரு கட்டமாக நடக்கும் டூர் டி பிரான்ஸ் ஓட்டத்தில் ஒரு கட்டத்தைக்கூட அவர் முதலாவதாக முடித்ததில்லை. நம்முடைய கணக்கில் அவர் தோற்றவர். வெற்றியாளர் நிற்கும் படியில் ஏற்றக்கூட யோசிப்போம்.

2015 யூலை 9ஆம் திகதி, அந்த வருட டூரின் ஆறாம் கட்டம். அபேவில் நகரில் இருந்து லு ஆவ்ர் துறைமுகம் வரை 191.5 கிலோமீற்றர். மூன்று பேர் பெருங்கூட்டத்தைப் பிரிந்து முன்னே போனார்கள். அதில் ஒருவர் தெக்லெஹைமனோத். இப்படி முன்னே போகிறவர்களைப் பின்னால் வரும் கூட்டம் கடைசி நேரத்தில் பிடித்துவிடும் என்பது சைக்கிளோட்டம் பார்க்கும் எவருக்கும் தெரியும். ஓடுகிற மூவருக்கும் நன்றாகவே தெரியும். வழியில் நோர்மண்டிக் கடற்கரையோரமாக மூன்று சிறு மேடுகள். டூரின் தரவரிசையில் அவை கடைசித் தர மேடுகள். உச்சியை முதலில் தொடுபவருக்கு ஒரேயொரு புள்ளி. தெக்லெஹைமனோத் மூன்றிலும் முதலாவதாக வந்தார். மூன்று புள்ளி சேர்ந்தது. அதுவரை மேட்டுப் புள்ளிகளில் முன்னணியில் இருந்த ஸ்பானிய வீரர் யோவாக்கின் ரொட்ரிகேசைத் தாண்ட அது போதுமாக இருந்தது. கட்டத்தை வென்றவர் செக் நாட்டின் ஸ்டிபார். ஆனால் மேட்டுப் புள்ளிகளில் முதலிடத்தில் இருப்பவர் போடும், வெள்ளைத் துணியில் சிவப்புப் புள்ளி போட்ட மலையோட்டச் சட்டை அன்று மாலை எரித்திரியாக்காரரின் உடம்பில் ஏறியது. ஆபிரிக்கக் கறுப்பின வீரர் ஒருவருக்கு அந்தச் சட்டை கிடைத்தது டூரின் வரலாற்றில் அதுவே முதல் தடவை. நான்கு நாட்கள் அதோடு ஓடினார். பிரெனீஸ் மலை வந்ததும் பிரித்தானிய வீரர் கிறிஸ் ஃபுரூம் வாங்கிக்கொண்டார்.

வீதியோரத்தில் எரித்திரியக் கொடியோடு நின்றவர்களில் பலர் நாட்டை விட்டு ஓடிவந்த அகதிகள். பாரிசில் இருக்கும் சங்கத்துக்காரர்களுக்கு இதற்கு மேல் நான் விளக்கம் சொல்லத் தேவையில்லை.

அந்த மூன்று புள்ளிக்குப் பின்னால் இருந்ததைப் பாருங்கள். எரித்திரியாவுக்குச் சைக்கிளைக் கொண்டுபோனவர்கள் இத்தாலியர்கள். ஆண்டவர்கள் போன பிறகும், முப்பது வருடப் போர் நடந்து முடிந்த பிறகும், அந்த மக்கள் சைக்கிளை விடவில்லை. அஸ்மாராவில் வார இறுதியில் நகரத்துத் தெருவை மறித்து ஓட்டம் வைப்பார்கள். கிண்ணம் பெரிதாக இராது. ஆனால் திரும்பத் திரும்ப நடக்கும். பதினாறு வயதுப் பையன் இந்த வாரம் முப்பதாவதாக வருவான், அடுத்த மாதம் இருபதாவதாக வருவான், எங்கே பிழைத்தது என்று யோசிக்க அவனுக்கு அடுத்த ஓட்டம் இருக்கும். நம் பையனுக்கு அடுத்த ஓட்டம் அடுத்த சித்திரையில்.

அப்படி வந்த தெக்லெஹைமனோத்தைச் சர்வதேச சைக்கிளோட்டச் சங்கம் சுவிற்சர்லாந்தின் ஏகிள் நகரில் நடத்தும் பயிற்சி மையம் எடுத்துக்கொண்டது. 2010இல் ஆபிரிக்க சம்பியன் ஆனார். அதே வருடம் ருவாண்டாவைச் சுற்றும் ஓட்டத்தையும் வென்றார். 2012இல் அவுஸ்திரேலியாவின் கிறீன்எட்ஜ் அணி சேர்த்துக்கொண்டது. லண்டன் ஒலிம்பிக்கிலும் ஸ்பெயினின் மூன்று வார ஓட்டத்திலும் அந்த வருடமே ஓடினார். பிறகு தென்னாபிரிக்காவின் எம்டிஎன்-குபேக்கா. குபேக்கா என்பது கிராமத்துப் பிள்ளைகளுக்குச் சைக்கிள் கொடுக்கும் அறக்கட்டளை. அதன் பெயரைத் தாங்கிய அணிதான் 2015இல் ஆபிரிக்காவில் பதிவான அணிகளில் முதலாவதாக டூருக்குப் போனது. 2015, 2016 இரண்டு வருடமும் பிரான்சின் டோஃபினே ஓட்டத்தின் மலைச் சட்டை அவருக்கே. 2018இல் பிரான்சின் கொஃபிடிஸ் அணி. பெரிய அணிகளில் அவருடைய காலம் அத்தோடு முடிந்தது.

இந்த வருடங்களில் பெரும்பகுதி அவர் செய்தது கூலி வேலை. கேவலமாகச் சொல்லவில்லை, அந்தத் தொழிலில் எல்லோருக்கும் தெரிந்த, எல்லோரும் மதிக்கும் வேலை அது. அணியின் காருக்குப் பின்தங்கிப் போய் எட்டுப் பத்துத் தண்ணீர்ப் போத்தல்களைச் சட்டைக்குள் திணித்துக்கொண்டு திரும்ப முன்னே வந்து கொடுப்பது. தலைவனுக்கு முன்னால் ஓடிக் காற்றை மறிப்பது. தலைவனின் சில்லில் காற்றுப் போனால் தன் சில்லைக் கழற்றிக் கொடுப்பது. 2016 டூரில் பிரித்தானிய வீரர் மார்க் கவெண்டிஷ் நான்கு கட்டங்களை வென்றபோது அதே அணியில் இருந்தவர்களில் தெக்லெஹைமனோத்தும் ஒருவர். கோட்டைத் தாண்டும் படத்தில் அவர் இருக்கமாட்டார்.

இதை ஏன் இவ்வளவு விரிவாகச் சொல்கிறேன் என்றால், நம் ஊர்களில் அடுத்தவனின் பின்னால் ஒட்டிக்கொண்டு ஓடியவனை முடிவிடத்தில் ஏசுவார்கள். "பின்னால் ஒளிந்து வந்து கடைசியில் முந்திவிட்டான்" என்று அடிபிடிகூட நடந்திருக்கிறது. முன்னே ஓடுபவனின் மறைவில் ஓடினால் பின்னால் வருபவனுக்கு மூன்றில் ஒரு பங்கு வரை சக்தி மிஞ்சும். சைக்கிளோட்டத்தின் அரிச்சுவடியே அதுதான். எப்போது மறைவில் இருப்பது, எப்போது முன்னே வந்து தன் பங்கைச் செய்வது என்று சொல்லிக்கொடுக்க ஒருவரும் இல்லாததால் நம் பையன்கள் முதல் கிலோமீற்றரிலேயே எழுந்து நின்று மிதிக்கிறார்கள். பாதி வழியில் நாக்கு வெளியே தள்ளிவிடுகிறது.

மறைவு என்றதும் மோட்டார் சைக்கிள்களைப் பற்றிச் சொல்லியே ஆகவேண்டும். நம் ஓட்டங்களில் முதலாவதாகப் போகும் பையனைச் சுற்றி அவனுடைய ஆட்கள் ஐந்தாறு மோட்டார் சைக்கிளில் போவார்கள். ஒருவன் தலையில் தண்ணீர் ஊற்றுவான், ஒருவன் குளுக்கோஸ் நீட்டுவான், இரண்டு பேர் கைபேசியில் படம் பிடிப்பார்கள், மிச்சப்பேர் கத்துவார்கள். அவர்கள் முன்னே போவதால் பையனுக்குக் காற்று மறைகிறது. ஆகவே எந்தப் பையனுக்கு மோட்டார் சைக்கிள் நண்பர்கள் அதிகமோ அவன் வெல்கிறான். கூலிக்காரரின் மகன் தனியாகக் காற்றை வெட்டிக்கொண்டு பின்னால் வருகிறான். டூரில் வாகனத்தின் மறைவில் ஓடினால் தண்டப்பணம், நேரக் கழிவு, ஓட்டத்தில் இருந்து நீக்கம் என்று போகும். இங்கே அதைச் செய்பவர்கள் கழகத்தின் சட்டை போட்டவர்கள். ஒரு கழகத்தின் போட்டியில், பெயர் வேண்டாம், இப்படி ஒட்டி வந்த மோட்டார் சைக்கிளின் கால்மிதி ஒரு பையனின் முன்சில்லில் கொழுவியது. கொண்டுவந்த சில்லைப் பார்த்தேன். பதினொரு கம்பி ஒரே பக்கமாக அறுந்து, றிம் எட்டுப் போட்டதுபோல் வளைந்து, நிமிர்த்தவே முடியாமல் இருந்தது. பையனின் தோள்பட்டை எலும்பு முறிந்திருந்தது. அவன் விழுந்த நேரத்தில் மேடையில் பேச்சு நடந்துகொண்டிருந்தது.

வீதியும் மறிக்கப்படுவதில்லை. எதிரே பஸ் வரும், வான் வரும், மாடு படுத்திருக்கும். பொலிசுக்கு ஒரு கடிதம் கொடுத்து, விடியற்காலை ஐந்தரைக்கு ஆரம்பித்து ஏழு மணிக்குள் முடித்தால் பாதிப் பிரச்சினை தீரும். ஆனால் ஏழு மணிக்குப் பிரதம விருந்தினர் எழுந்து வரமாட்டாரே.

"நமக்கு மலை இல்லை, அதனால் வீரன் வரமாட்டான்" என்று சொல்பவர்களும் உண்டு. உண்மை, மலை என்ற பெயரில் நம்மிடம் இருப்பது கீரிமலை. அங்கேயும் கேணிதான் இருக்கிறது. அஸ்மாரா கடல்மட்டத்தில் இருந்து 2,300 மீற்றருக்கு மேல் உயரத்தில் இருப்பது எரித்திரியர்களுக்குப் பெரிய வரம், மறுக்கவில்லை. ஆனால் நமக்குக் காற்று இருக்கிறது. சோளகக் காற்று தொடங்கிய பிறகு பொன்னாலையில் இருந்து காரைநகர்த் தாம்போதியில் ஒருமுறை சைக்கிளில் போய்ப் பாருங்கள். இரண்டு பக்கமும் கடல். ஒரு வேலி இல்லை, ஒரு பனை இல்லை. காற்று பக்கவாட்டில் அறையும், ஹாண்டிலைச் சாய்த்துப் பிடித்தால்தான் நேராகப் போகலாம். ஆனையிறவில் உப்பு வெளியைக் கடக்கும்போதும் இதே கதைதான்.

இப்படிப்பட்ட பக்கக் காற்றில் ஓடுவது ஒரு தனிக் கலை. ஒருவர் பின் ஒருவராக நேர்கோட்டில் போனால் மறைவு கிடைக்காது. காற்று வரும் பக்கத்தில் ஒருவர் முன்னே நிற்க, மற்றவர்கள் அவருடைய தோளுக்குச் சற்றுப் பின்னால் சரிவாக, விசிறி மடிப்பைப்போல் விரிய வேண்டும். வீதியின் அகலத்துக்கு எத்தனை பேர் கொள்ளுமோ அத்தனை பேருக்குத்தான் மறைவு. மிச்சப்பேர் வீதி ஓரத்தில் காற்றை முழுதாக வாங்கிக்கொண்டு ஒவ்வொருவராகக் கழன்றுபோவார்கள். 2013 டூரின் பதின்மூன்றாம் கட்டம் தட்டையான வீதியில் நடந்தது. சில்லுப் பழுதாகி நின்ற ஸ்பானிய வீரர் வல்வெர்டே திரும்பக் கூட்டத்தைப் பிடிக்க முடியாமல் கிட்டத்தட்டப் பத்து நிமிடம் பின்தங்கினார். அதுவரை மொத்த நேரத்தில் இரண்டாம் இடத்தில் இருந்தவர் அவர். மொத்த நேரத்தில் முதலிடத்தில் இருப்பவர் போடும் மஞ்சள் சட்டையில் இருந்த ஃபுரூமே ஒரு நிமிடத்துக்கு மேல் இழந்தார். மலை எதுவும் இல்லை, காற்று மட்டும். அந்தப் பள்ளிக்கூடம் நம் வீட்டு வாசலில் சும்மா கிடக்கிறது. பத்துப் பையன்களையும் தெரிந்த ஒருவரையும் ஞாயிற்றுக்கிழமை காலை அங்கே அனுப்புவதற்கு என்ன செலவு?

இன்னொன்றும் தெக்லெஹைமனோத்தின் கதையில் இருந்து. அவருடைய ஆரம்ப காலத்தில் இதயம் அளவு மீறி வேகமாகத் துடிக்கும் கோளாறு இருப்பது கண்டுபிடிக்கப்பட்டது. சத்திரசிகிச்சை செய்துகொண்டு திரும்ப ஓட வந்தார். 2010இன் வெற்றிகள், 2015இன் சட்டை எல்லாம் அந்தச் சிகிச்சை பெற்ற இதயத்தோடு எடுத்தவை. அவரைச் சோதித்துப் பார்க்க ஆட்கள் இருந்தார்கள். நம் பையன்களை யார் சோதிக்கிறார்கள்? 2024இல் கிழக்கில், திருக்கோவிலில், பாடசாலை மரதன் ஓடிய பதினாறு வயது மாணவன் உயிரிழந்த செய்தியை எல்லோரும் வாசித்தோம். ஒரு வாரம் பேசினோம். அதற்குப் பிறகு நடந்த சைக்கிளோட்டங்களுக்கு என் கடையில் வண்டி பூட்டிய பையன்களைக் கேட்டேன். இதயத்தை யாராவது சோதித்தார்களா என்றால் சிரிக்கிறார்கள். பெயர் பதியும்போது கேட்பது ஊரும் பிறந்த திகதியும் மட்டும். ஈசிஜி எல்லா நோயையும் காட்டிவிடாது என்று வைத்தியர்கள் சொல்வார்கள், சரி. ஆனால் காட்டுகிறதைக்கூடப் பார்க்காமல் பையனை வெயிலில் முப்பது கிலோமீற்றர் மிதிக்க விடுவதற்கு நமக்கு என்ன துணிவு! ஓட்டத்தின் அன்று அம்புலன்ஸ் நிற்கிறதா என்று கேட்டால், "ஆஸ்பத்திரி பக்கத்தில்தானே" என்கிறார்கள். தலைக்கவசம் கேட்டால் மோட்டார் சைக்கிள் தலைக்கவசத்தைக் காட்டுகிறார்கள்.

பெண்பிள்ளைகளுக்கு நீங்கள் வைப்பது மெதுவான சைக்கிளோட்டம். கால் ஊன்றாமல், கோட்டைத் தாண்டாமல், கடைசியாக வருபவருக்குப் பரிசு. வேடிக்கைக்கு நல்ல விளையாட்டுத்தான். ஆனால் விடியக்காலை ரியூசனுக்கும் பிறகு பள்ளிக்கும் மாலையில் மறுபடி ரியூசனுக்கும் இந்தக் குடாநாட்டில் அதிகம் சைக்கிள் மிதிப்பவர்கள் அவர்கள்தாம். அவர்களுக்கு வேகமாக ஓட ஒரு போட்டி இல்லை என்றால் அதற்குக் காரணம் சொல்ல வேண்டியவர்கள் நீங்கள். எரித்திரியாவின் மொசானா டெபெசாய் என்ற பெண் டோக்கியோ ஒலிம்பிக் வீதியோட்டத்தில் ஓடியவர்.

எரித்திரியாவைப்போல் இருங்கள் என்று நான் சொல்வதாக யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். முடிவே இல்லாத கட்டாய இராணுவ சேவைக்குப் பயந்து இளைஞர்கள் கடல் தாண்டி ஓடும் நாடு அது. ஆபிரிக்க வீரர்கள் விசா மறுக்கப்பட்டு ஐரோப்பிய ஓட்டங்களைத் தவறவிடுவதும் புதிதல்ல. நம் கடவுச்சீட்டின் மதிப்பும் நமக்குத் தெரியும். நான் பார்ப்பது ஒன்றை மட்டும். அங்கே ஓட்டம் தொடர்ந்து நடந்தது. 2015இல் மூன்று புள்ளி எடுத்தவருக்குப் பின்னால் ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். 2024இல் அதே நாட்டின் பினியம் கிர்மாய் டூரில் மூன்று கட்டங்களை வென்று, புள்ளிக் கணக்கில் முதலாவதாக வருபவருக்கான பச்சைச் சட்டையையும் எடுத்தார். அவரும் ஏகிளில் பயிற்சி பெற்றவர்தான்.

வெளிநாட்டுச் சங்கத்தினரே, உங்களோடு தனியாக ஒரு வார்த்தை. உங்களில் பலர் தொண்ணூறுகளில் மண்ணெண்ணெய்க்கும் வழியில்லாத காலத்தில் இங்கே சைக்கிள் மிதித்தவர்கள். கரியரில் விறகு, பாரில் பிள்ளை, டைனமோவைக் கையால் சுற்றி வானொலிச் செய்தி. அந்த ஞாபகத்தில்தான் சைக்கிளோட்டத்துக்குக் கேட்டவுடன் காசு அனுப்புகிறீர்கள் என்பது எனக்குத் தெரியும். 2022இல் பெற்றோல் இல்லாமல் போனபோது சைக்கிளின் அருமை இங்கே இருப்பவர்களுக்கும் திரும்ப விளங்கியது; அந்த மாதங்களில் என் கடையில் நிற்க இடமில்லை. அனுப்பும் காசைக் குறைக்கச் சொல்லவில்லை. எதற்கு என்று எழுதி அனுப்புங்கள். கிண்ணத்தில் உங்கள் சங்கத்தின் பெயர் பொறிக்கப்பட்டிருக்கிறதா என்று கேட்பதற்குப் பதிலாக, இந்த வருடம் எத்தனை ஓட்டம் நடந்தது, எத்தனை பையன்களுக்கு வைத்தியர் கையெழுத்து வைத்தார், வீதி மறிக்கப்பட்டதா என்று கேளுங்கள். பதில் வராவிட்டால் அடுத்த தவணையை நிறுத்துங்கள். அவர்களுக்குக் கோபம் வரும், வரட்டும்.

கழகத்தாரே, ஒரு கழகத்தால் தனியாக மாதம் ஒரு ஓட்டம் நடத்த முடியாது என்பது சரி. பக்கத்துக் கழகங்கள் நான்கைந்து சேர்ந்தால் ஒவ்வொன்றுக்கும் வருடத்தில் இரண்டு மூன்றுதான் வரும். கிரிக்கெட்டுக்கும் உதைபந்தாட்டத்துக்கும் சேர்கிறீர்கள். யார் மேடையில் எந்தக் கதிரை என்ற சண்டை இல்லாவிட்டால் இதற்கும் சேரலாம். மேடையே வேண்டாம். ஒரு கொடி, ஒரு விசில், நேரம் எழுதுவதற்கு ஒரு கொப்பி போதும். மூன்றாம் இடத்துக்குப் பின்னால் வந்தவர்களின் பெயரையும் நேரத்தையும் எழுதி வையுங்கள். அடுத்த ஓட்டத்தில் அவன் எவ்வளவு முன்னேறினான் என்று பார்க்க உங்களிடம் ஒரு தாள்கூட இல்லை இப்போது. மோட்டார் சைக்கிள் ஒன்று, நடுவருக்கு மட்டும். மற்றவர்கள் வீதியோரத்தில் நின்று கத்தட்டும்.

முதல் ஓட்டத்துக்கு எத்தனை வண்டி வந்தாலும் பிறேக்கும் சில்லும் பார்த்துக் கொடுப்பது என் பொறுப்பு. கூலி வேண்டாம், உதிரிப்பாகத்துக்கு மட்டும் காசு தாருங்கள். உங்கள் வருடாந்தப் பொதுக்கூட்டத்தின் நிகழ்ச்சி நிரலில் இதை ஒரு விடயமாகச் சேருங்கள், கடைசியாக வரும் "வேறு விடயங்கள்" என்பதற்குள் தள்ளாமல். அழைத்தால் வருகிறேன். ஞாயிறு மட்டும் கடை பூட்டு.

இப்படிக்கு,
குடாநாட்டுச் சைக்கிள் கடைக்காரன் ஒருவன்